ஜவ்வரிசி டீயும் பப்பாளிக் குழலும்

ஜவ்வரிசி ஓர் அரிசி அல்ல. இதை முதலிலேயே சொல்லிவிடுவது என் கடமை என்று நினைக்கிறேன். அது வயலில் விளைவதில்லை, கதிர் விடுவதில்லை, உலகத்தில் எந்த நெல்லுக்கும் தூரத்து உறவுகூட இல்லை. மண்ணுக்கடியில் கிடக்கும் மரவள்ளிக் கிழங்கை அரைத்து, பாலைத் தெளியவைத்து, மாவாக்கி, மணிமணியாக உருட்டி, வறுத்துக் காயவைத்தால் அதுதான் ஜவ்வரிசி. தமிழ்க் குடும்பங்களில் பெரும்பாலானவை இந்த உண்மையை அறியாமலே பாயசத்தைக் குடித்து முடித்துவிட்டு நிம்மதியாகத் தூங்குகின்றன. பெயரை நம்பி அதை அரிசியைப் போல நடத்தினால் என்ன கதி நேரும் என்பதை ஆராய்ச்சிபூர்வமாக, சொந்த அடுப்பில் கண்டறிந்தவன் நான்.

குளிர்பானம் விற்பதைச் சுலபமான தொழில் என்று சொல்பவர்கள் ஒரு டம்ளர்கூட விற்றிராதவர்கள். தாகமெடுத்தவன் எதையும் குடிப்பான் என்பது அவர்கள் எண்ணம். வீட்டில் எதையாவது கலக்கி ஊருக்குக் கொடுக்கக் கிளம்பிய அனுபவம் உங்களுக்கு இருந்தால், தாகமெடுத்தவனுக்குத்தான் சந்தேகம் அதிகம் என்பது தெரிந்திருக்கும். உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். மற்றவர்கள் படித்துச் சிரித்துக்கொள்ளலாம்.

எண்பதுகளின் நடுவில் ஒரு கோடைக்கு, ஏற்காடு ஏரிக்கரையில் தட்டிக்கடை போட்டு, பழச்சாறு கலந்த குளிர் டீயில் ஜவ்வரிசியை மிதக்கவிட்டு விற்றேன். இப்போது பெரிய நகரங்களில் இதே சமாச்சாரத்தை பபிள் டீ என்று கண்ணாடி போட்ட கடைகளில் விற்கிறார்களாம். அன்று மலையில் இதற்குப் பெயர் ‘டீச்சரூட்டு டீ’. டீச்சர் என்பது என் மனைவி ஸ்டெல்லா. ஏற்காட்டுப் பக்கத்துக் கொட்டச்சேட்டில் பிறந்தவள், மலைமேலேயே ஒரு மிஷன் பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்பு எடுத்துக்கொண்டிருந்தாள். நான் அதற்கு முன்பு இன்சூரன்ஸ் ஏஜென்ட், டுட்டோரியல் வாத்தியார், லாட்ஜ் மேனேஜர், அச்சகத்தில் பிழை திருத்துபவன் என்று பலவாக இருந்தவன். எந்த நாற்காலியும் சூடாகும்வரை உட்கார்ந்தவன் இல்லை.

ஸ்டெல்லாவின் அண்ணன் லூர்து சேலத்தில் லாரி புக்கிங் ஆபீஸ் வைத்திருந்தார். சீசன் முடியும்வரை பார்ப்பது, கடை நிற்கவில்லையென்றால் ஜூனில் நான் அவர் ஆபீசில் வந்து உட்காருவது, ஸ்டெல்லா சேலத்துப் பள்ளிக்கூடத்துக்கு மாற்றல் எழுதிக் கொடுப்பது. இப்படி எங்கள் வாழ்க்கையை ஒரு காபி குடிக்கும் நேரத்தில் தீர்த்து வைத்துவிட்டு அவர் பஸ் ஏறினார். அன்று சாயங்காலம் ஸ்டெல்லா எங்கள் பள்ளிக்கூடக் குவார்ட்டர்ஸுக்குப் பின்னால் போய், காபிச் செடிகளுக்கு நடுவே வெகுநேரம் நின்றுவிட்டு வந்தாள். மலையை விட்டு இறங்க அவளுக்கு மனமில்லை என்பது எனக்குப் புரிந்தது. கடை நின்றாக வேண்டும்.

கழுவியதன் பலன்

முதல் நாள், ஜவ்வரிசியை அரிசி களைவதுபோல் நன்றாகத் தேய்த்துக் களைந்தேன். தண்ணீர் பால்போல் வந்தது. சுத்தமாகிறது என்று மகிழ்ந்து மறுபடியும் களைந்தேன். பாத்திரத்தில் பாதி காணாமல் போனது. மீதியைப் பச்சைத் தண்ணீரில் போட்டு அடுப்பில் ஏற்றினேன். கொதி வருவதற்குள் எல்லா மணிகளும் ஒன்றோடொன்று சமாதானமாகி ஒரே உருவமாகிவிட்டன. கரண்டியைத் தூக்கினால் பாத்திரமும் கூடவே வந்தது.

உயரமான இடத்தில் தண்ணீர் முழுச் சூடு ஏறுவதற்கு முன்பே கொதித்துவிடுவதால் மாவுப்பொருள் சரியாக வேகாது என்று ஸ்டெல்லாவுக்கு விளக்கினேன். விளக்கம் சரியானது. இந்தப் பாத்திரத்துக்கும் அதற்கும் சம்பந்தமில்லை, அவ்வளவுதான். நான் வாங்கி வந்தது மாவு ஜவ்வரிசி. வாங்க வேண்டியது நைலான் ஜவ்வரிசி என்று கண்ணாடிபோல் இருக்கும் இன்னொரு ரகம். அதைக் களையாமல் கொதிக்கிற தண்ணீரில் தூவி, அடியிலிருந்து கிண்டி, நடுவில் வெள்ளைப் பொட்டு மறையும்வரை மூடி வைத்து, குளிர்ந்த தண்ணீரில் கொட்டி, பிறகு நாட்டுச் சர்க்கரைப் பாகில் ஊறப்போட வேண்டும். இதையெல்லாம் நான் கண்டுபிடிக்க ஒரு வாரம் ஆயிற்று. முதல் நாள் உருவத்தை ஸ்டெல்லா ஒரு டப்பாவில் அள்ளிப் பள்ளிக்கூடத்துக்கு எடுத்துப் போனாள். சாயங்காலம் காலி டப்பாவோடு வந்து சொன்னாள்:

“மூணாங் கிளாஸ் மேப் எல்லாத்தையும் ஒட்டிப்போட்டேனுங்க. நாளைக்கும் இதே பக்குவத்துல வேணும்னு ஹெட்மிஸ்ட்ரஸ் கேக்கறாங்க.”

டீயா, மோரா

கடை திறந்த அன்று, பால் சேர்த்த டீயை ஆறவைத்து, ஐஸ் உடைத்துப் போட்டு, அதில் தாட்பூட் பழத்துச் சாற்றை, அதாவது பேஷன் ஃப்ரூட் சாற்றை, ஊற்றினேன். கரடியூரிலிருந்து எனக்குப் பழம் கொண்டுவந்து கொடுத்தவர் பெயர் சின்னப்பையன். பெயர்தான் அப்படி, வயது அறுபதுக்கு மேல். அவர் தோட்டத்துத் தாட்பூட் பழத்தின் புளிப்பு, வாயில் வைத்தால் பல்லின் வேர்வரை போய் விசாரித்துவிட்டு வரும். அந்தப் புளிப்பு பாலில் பட்டால் என்ன ஆகும் என்பதை நான் பள்ளிக்கூடத்தில் படித்திருக்கிறேன். பரீட்சையில் எழுதி மார்க்கும் வாங்கியிருக்கிறேன். கடையில் நிற்கும்போது ஞாபகம் வரவில்லை.

முதல் வாடிக்கையாளர் ஈரோட்டிலிருந்து குடும்பத்தோடு வந்திருந்த ஜவுளி வியாபாரி. நான் டம்ளரை நீட்டுவதற்கும் அவர் வாங்குவதற்கும் இடையில் அது மேலே தண்ணீராகவும் கீழே துணுக்குகளாகவும் பிரிந்துவிட்டது. துணுக்குகளுக்கு நடுவே ஜவ்வரிசி எது என்று எனக்கே அடையாளம் தெரியவில்லை. பாலிலுள்ள புரதம் அமிலத்தோடு சேரும்போது திரள்வது இயற்கை என்று நான் சொல்லிக்கொண்டிருந்தேன். அவர் பொறுமையாக முழுவதையும் கேட்டார். பிறகு டம்ளரை வெளிச்சத்தில் ஒருமுறை சுற்றிப் பார்த்துவிட்டுக் கேட்டார்:

“ஏனுங்க, இத டீன்னு குடிக்கோணுங்களா, மோருன்னு குடிக்கோணுங்களா? எதுன்னு சொல்லிப்போட்டா அதுக்குத் தக்கன மனசத் தயார் பண்ணிக்கலாமுங்க.”

நேற்றுக் கொடுத்தது

பாலை விட்டுவிட்டேன். வெறும் டீ, பாகு, பழச்சாறு, ஜவ்வரிசி. நன்றாக இருந்தது. என்னால் அதைத் தாங்க முடியவில்லை. ஒன்று நன்றாக வந்துவிட்டால் மறுநாளும் அதையே செய்ய வேண்டும் என்ற எண்ணம் வந்தாலே எனக்குக் கால் அரிக்கத் தொடங்கிவிடும். தாட்பூட் பழம் நன்றாகப் போன மறுநாள் பலாச் சுளையை மசித்துப் போட்டேன். அதற்கு மனிதர்களைவிடத் தேனீக்கள் அதிகம் வந்தன. அடுத்து கொய்யா, அதற்கடுத்து கமலா ஆரஞ்சுத் தோலைப் போட்டுக் கொதிக்கவைத்த டீ, ஒருநாள் மிளகு. காலையில் சேலம் பஸ்ஸில் மரத்தூள் மூட்டைக்குள் ஐஸ் பாளம் வந்து இறங்கும்போது, அன்று என்ன செய்யப்போகிறேன் என்பது எனக்கும் தெரியாது, ஐஸுக்கும் தெரியாது. நேற்றுக் குடித்தது வேண்டும் என்று திரும்பி வந்தவர்களிடம், நேற்றையதைவிட இது மேல் என்று வாதாடினேன். அவர்கள் பக்கத்துக் கடையில் சோளக்கதிர் வாங்கிக்கொண்டு போனார்கள்.

விடாமல் வந்தவர் ஒருவர்தான். வெள்ளக்கடையில் எஸ்டேட் வேலை பார்க்கும் முருகேசன். அவர் மனைவி சரசு உண்டாகியிருந்தாள். மூன்றாம் மாதம். சோறு, கஞ்சி, வெந்நீர் எதுவும் உள்ளே தங்கவில்லை. போன வழியே திரும்பி வந்தது. ஆள் துணிபோல் ஆகிவிட்டதாகவும், ஆஸ்பத்திரியில் படுக்கவைக்கச் சொல்லிவிடுவார்களோ என்று பயமாக இருப்பதாகவும் சொன்னார். ஒருநாள் ஏரிக்கரையிலிருந்து என் டீயை வாங்கிப் போய்க் கொடுத்திருக்கிறார். அது தங்கிவிட்டது. அன்றிலிருந்து தினமும் மாலையில் மொபெட்டில் தூக்குப்போசியை மாட்டிக்கொண்டு வந்து, அன்றைக்குக் கொடுத்தது போலவே வேண்டும் என்று கேட்பார். அன்றைக்கு எதைக் கொடுத்தேன் என்று எனக்கு எப்படித் தெரியும்? அந்தந்த நாள் எது இருந்ததோ அதை ஊற்றினேன். எல்லாமே தங்கியது. இதை என் கைப்பக்குவத்துக்குக் கிடைத்த மருத்துவச் சான்றாக எடுத்துக்கொண்டு, வருவோர் போவோரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தேன். பழக்கூடையை இறக்கிவிட்டு உட்கார்ந்திருந்த சின்னப்பையன் ஒருநாள் மெதுவாகச் சொன்னார்:

“சார், நீங்க ஒரே மாதிரி பத்து நா செஞ்சீங்கன்னா கடை நிக்குமுங்க. ஆனா நீங்க நிக்க மாட்டீங்க.”

குழல்

இந்தப் பானத்தில் தீராத ஒரு சிக்கல், குடிப்பவர் அதை எப்படிக் குடிப்பது என்பது. டம்ளரைச் சாய்த்தால் டீ முதலில் போய்விடும், ஜவ்வரிசி அடியில் ஒட்டிக்கொண்டு வெளியேற மறுக்கும். கடையில் கிடைக்கும் ஸ்ட்ரா மெல்லியது, அதன் வாயிலேயே முதல் மணி அடைத்துக்கொள்ளும். குழந்தைகள் உறிஞ்சிப் பார்த்துத் தோற்று, பிறகு ஊதிப் பார்ப்பார்கள். எதிரில் நிற்பவர் சட்டையில் ஜவ்வரிசி அப்பும். ஸ்பூன் கொடுக்கலாம் என்றாள் ஸ்டெல்லா. ஸ்பூன் கொடுத்தால் அது பாயசம் ஆகிவிடும் என்று நான் கொள்கை அளவில் மறுத்தேன்.

ஒருநாள் சின்னப்பையன் தோட்டத்தில் நிற்கும்போது விடை கிடைத்தது. பப்பாளி இலைக்காம்பு. இயற்கை நமக்காகவே உள்ளே ஒன்றுமில்லாமல் செய்து வைத்திருக்கும் குழல். வெட்டி, பால் வடியவிட்டு, வெந்நீரில் அலசி, ஒரு சாண் அளவுக்கு நறுக்கினேன். ஜவ்வரிசி வரிசை கலையாமல் ஏறி வந்தது. இரண்டு நாள் ஏரிக்கரைக் குழந்தைகளெல்லாம் என் கடை முன்னால்தான் நின்றார்கள். அந்த வாரம் அன்னாசி மலிந்திருந்ததால் டீயும் அன்னாசி டீ. இந்த மலைக்குக் கோடையில் வருகிறவர்களில் பாதிப்பேர் புதிதாகக் கல்யாணமானவர்கள் என்பதும், நான் அவர்களுக்கு எதை எதோடு சேர்த்துக் கொடுக்கிறேன் என்பதும் என் புத்தியில் ஒன்றுசேரவில்லை. உங்களுக்கு இந்நேரம் சேர்ந்திருக்கும்.

வியாழக்கிழமை ஆத்தூரிலிருந்து ஒரு புது ஜோடி வந்தது, துணைக்குப் பெண்ணின் பெரியம்மா. பெண் குழலை வாயில் வைக்கப் போனாள். பெரியம்மா குழலைப் பார்த்தார், டம்ளரை மோந்து பார்த்தார், பெண்ணின் கையிலிருந்து இரண்டையும் சத்தமில்லாமல் வாங்கிப் பலகைமேல் வைத்தார். கோபமே இல்லாத குரலில் கேட்டார்:

“ஏனுங்க தம்பி, கல்யாணமாயி மூணு மாசந்தானுங்க ஆச்சு. அன்னாசிய டம்ளர்ல ஊத்தி, பப்பாளிய வாயில வேற சொருகறீங்களே, நாங்க உங்களுக்கு என்னங்க பண்ணுனோம்?”

வராத மொபெட்

பிள்ளைத்தாய்ச்சிக்கு அன்னாசியும் பப்பாளியும் ஆகாது என்பது இந்தப் பக்கத்தில் பெண்கள் பேசித் தெரிந்துகொள்ள வேண்டிய செய்தியே அல்ல. அதற்குத் தக்க ஆதாரம் கிடையாது, அதிலும் இலைக்காம்புக்கும் காய்க்கும் வித்தியாசம் உண்டு என்று நான் விளக்கத் தயாராக இருந்தேன். கையில் பப்பாளிக் குழலோடு நிற்பவனிடம் விளக்கம் கேட்க யாரும் தயாராக இல்லை. சாயங்காலத்துக்குள் படகுத் துறை வரிசைவரை விஷயம் போய்விட்டது. புதுப்பெண்கள் என் கடை வரும்போது சாலையின் அந்தப் பக்கத்துக்கு மாறி நடந்தார்கள். அதுகூடப் பெரிதில்லை. அன்று முருகேசன் வரவில்லை. மறுநாளும், அதற்கு மறுநாளும் வரவில்லை. புதன்கிழமை தூக்குப்போசியில் என்ன ஊற்றினீர்கள் என்று ஸ்டெல்லா கேட்டாள். அன்னாசி. செவ்வாய்க்கிழமை? அதுவும் அன்னாசி. குழல்? இரண்டு குழல், மூடியில் செருகி, மறக்காமல், பிரியமாகக் கொடுத்தேன்.

நான் அதையெல்லாம் நம்புகிறவன் இல்லை. நம்பாதவன் அந்த நாட்களில் செய்தவை: அடுப்பைப் பற்றவைத்தேன், அணைத்தேன். பஸ் ஸ்டாண்டுவரை போனேன், திரும்பினேன். மலைப்பாதையில் எந்த மொபெட் சத்தம் கேட்டாலும் கடையை விட்டு இறங்கி ரோட்டில் நின்றேன். சின்னப்பையன் கொண்டுவந்த அன்னாசியைத் தொடாமல் கோணியால் மூடினேன். ஆஸ்பத்திரிப் பக்கம் ஒருமுறை நடந்துவிட்டு, யாரிடமும் கேட்காமல் வந்தேன். ஞாயிறு கோயில் முடிந்ததும் ஸ்டெல்லா வீட்டுக்குத் திரும்பாமல் நேரே வெள்ளக்கடை பஸ்ஸில் ஏறினாள். நானும் ஏறினேன். வழி நெடுக அவள் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தாள். மலையை மனப்பாடம் செய்கிறாளோ என்று எனக்குத் தோன்றியது.

முருகேசன் வீட்டு வாசலில் மொபெட் சக்கரம் கழன்று தலைகீழாகக் கிடந்தது. அவர் செயினைக் கையில் வைத்துக்கொண்டு அதன்முன் உட்கார்ந்திருந்தார். வண்டி படுத்துவிட்டதால் மூன்று நாளாக வேலைக்கே நடந்துதான் போவதாகச் சொன்னார். சரசு சுவரில் சாய்ந்து அவரைக்காய் உரித்துக்கொண்டிருந்தாள். மெலிந்திருந்தாள், ஆனால் கண்ணில் தெளிவு இருந்தது. நான், அன்னாசி டீ உடம்புக்கு எப்படி இருந்தது என்று சுற்றி வளைத்துக் கேட்டேன். முருகேசனின் அம்மா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தார். ஏரிக்கரைச் செய்தி அவருக்கும் எட்டியிருந்தது முகத்தில் தெரிந்தது. பதில் சொன்னது சரசு. டீயின் வாசமே அவளுக்கு ஆகாதாம். முதல் நாளிலிருந்தே எல்லாவற்றையும் வடித்து முருகேசனுக்குக் கொடுத்துவிடுவாளாம். அடியில் நிற்கும் ஜவ்வரிசிக் குண்டுகளை மட்டும் அலசித் தின்பாளாம். அது வழுக்கிக்கொண்டு போகுமாம், திரும்பி வராதாம். குழல்களை வைத்து முருகேசன் மொபெட்டில் பெட்ரோல் உறிஞ்சியிருக்கிறார். ஸ்டெல்லா வாசற்படியில் உட்கார்ந்துவிட்டாள். சிரிக்கிறாளா அழுகிறாளா என்று சொல்ல முடியாமல் தோள் குலுங்கியது. நான் இத்தனை நாள் பழங்களோடு நடத்திய போராட்டங்களை வரிசையாக நினைத்துக்கொண்டு நின்றேன். முருகேசனின் அம்மா என் முகத்தைப் பார்த்து இரக்கப்பட்டிருக்க வேண்டும்:

“இனிமே குண்டு மட்டும் வேவிச்சுக் குடுங்க தம்பி. அந்தத் தண்ணிக்கு நீங்க நொம்பச் சிரமப்படாதீங்க, எம் மவனுக்கு அது புடிக்கறதே இல்லீங்க.”

ரசஞ்சோறு

மே கடைசியில் தட்டியைப் பிரித்தேன். லூர்து எங்களைக் கூட்டிப்போக மேலே வந்தார், மாற்றல் எழுதும் பேப்பரை அவரே வாங்கி வந்திருந்தார். ஸ்டெல்லா அண்ணனுக்குச் சாப்பாடு போட்டு, பேப்பரை அலமாரியில் வைத்துவிட்டு, வெள்ளக்கடைப் பெண்ணுக்கு வேறெதுவும் தங்குவதில்லை, அவள் சோறு தின்கிறவரை இந்த அடுப்பை விட்டு வர முடியாது என்றாள். இதற்கு யாராவது வேறு ஆள் இல்லையா என்று அவர் கேட்டார். பக்குவம் தெரிந்தவர் இவர் ஒருவர்தான் என்று அவள் என்னைக் காட்டினாள். அவர் என்னைப் பார்த்தார். நான் பாகு காய்ச்சப் போய்விட்டேன். அன்றிலிருந்து தினமும் ஒரே மாதிரி, களையாமல், பழம் போடாமல், வெறும் ஜவ்வரிசியை வேகவைத்தேன். என் ஆயுளில் நான் மாற்றாமல் செய்த ஒரே காரியம் அதுதான். அந்த ஜூனில் பக்கத்து எஸ்டேட்டில் கணக்கெழுதும் ரைட்டர் வேலைக்குச் சேர்ந்தேன், ஜூலையில் விட்டேன், அது வேறு கதை.

மழை பிடித்துக்கொண்டபின் ஒரு மாலை முருகேசன் வந்தார். மொபெட்டிலிருந்து இறங்கவில்லை. நான் நிரப்பி வைத்திருந்ததை எடுத்து வந்தேன். அவர் வாங்காமல், முந்தின நாள் நாங்கள் கொடுத்தனுப்பி, நன்றாகத் துலக்கி எடுத்து வந்த காலி தூக்குப்போசியை ஸ்டெல்லாவிடம் நீட்டினார்:

“இனி வேண்டாமுங்க டீச்சர். நேத்து ரசஞ்சோறு ரெண்டு தட்டு தின்னுட்டா.”

தொழில் தோழர்களே, நாம் டம்ளரில் ஊற்றுவது ஒன்று, அவர்கள் அதிலிருந்து எடுத்துக்கொள்வது வேறொன்று. ஸ்டெல்லா அலமாரியில் வைத்த மாற்றல் பேப்பரை எழுதிக் கொடுக்கும் கடைசி நாள் அதற்குள் தாண்டிப் போயிருந்தது.